வாசியில்லாக் காசு: அதிபரின் தொண்டும் ஆசிரியரின் துணிவும்

(கொடிகாமத்தில் நிகழ்த்தப்பட்ட அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



இந்த அறக்கட்டளையை நிறுவிய குடும்பத்தார் மேடையில் தங்கள் பெயரைச் சொல்லிப் புகழவேண்டாம் என்று கேட்டிருக்கிறார்கள். யாழ்ப்பாணத்தில் இது அபூர்வமான வேண்டுகோள். அதற்கு மதிப்பளித்து நேரே விடயத்துக்கு வருகிறேன்.

கல்வி முகாமைத்துவம் படித்தவர்களுக்குத் தொண்டுத் தலைமை என்பது பழகிய சொல். முதுமாணி ஆய்வுகளில் அடிக்கடி வருகிறது. ஆனால் அதற்கும் எட்டாம் வகுப்பில் கணிதம் எடுக்கும் ஒரு ரீச்சரின் மனநிலைக்கும் என்ன தொடர்பு என்று கேட்டால் பதில் தடுமாறும். அந்தத் தொடர்பைத்தான் இன்று பார்க்கப்போகிறோம்.

இந்த ஊர் மத்திய கல்லூரி திருநாவுக்கரசரின் பெயரைத் தாங்கியது. ஆகவே அவரிடமிருந்தே தொடங்கலாம். சேக்கிழார் சொல்லும் திருவீழிமிழலைக் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். பஞ்சகாலம். அடியார்களுக்கு அமுதளிக்க அப்பருக்கும் சம்பந்தருக்கும் கோயிலில் நாளுக்கு ஒவ்வொரு காசு கிடைக்கிறது. அப்பருடைய மடத்தில் பந்தி நேரத்துக்கு நடக்கிறது. சம்பந்தருடைய மடத்தில் பிந்துகிறது. விசாரித்தால், சம்பந்தரின் காசுக்குக் கடைக்காரர் வாசி கேட்கிறார்கள், அதாவது மதிப்பில் கழிவு. அப்பரின் காசு கழிவில்லாமல் செல்லுகிறது. காரணம் என்ன? அப்பர் உழவாரம் ஏந்திக் கைத்தொண்டு செய்தவர் என்று கதை சொல்கிறது. பிறகு சம்பந்தர் பாடி வாசியில்லாக் காசு பெற்றார் என்பது வேறு விடயம். கையால் செய்த தொண்டுக்கும் வாயால் செய்த தொண்டுக்கும் சந்தையிலே விலை வேறு என்று நம்முடைய பக்தி இலக்கியமே ஒப்புக்கொண்டிருக்கிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். உழவாரம் கோயில் முற்றத்துப் புல்லைச் செதுக்கும் கருவி. அப்பர் நடக்கிற பாதையைத் துப்புரவாக்கினார். உள்ளே போய்ப் பூசகரின் வேலையைத் தன் கையில் எடுக்கவில்லை. இதைப் பின்னர் தொடுவேன்.

தலைமையைத் தொண்டாகக் காணும் எண்ணத்தை நம் காலத்து நிறுவனங்களுக்குள் கொண்டுவந்தவர் ரொபேர்ட் கிறீன்லீவ் என்ற அமெரிக்கர். பள்ளிக்கூடத்துக்காரர் அல்லர். ஏ.டி. அன்ட் டி. என்ற பெரிய தொலைபேசிக் கம்பனியில் 1926 முதல் 1964 வரை வேலைசெய்தவர். 1970இல் ஒரு சிறு கட்டுரை எழுதினார். அதற்குப் பொறி தந்தது ஹேர்மன் ஹெஸ்ஸேயின் ஒரு குறுநாவல். பயணக் கூட்டத்துக்குப் பணிவிடை செய்த லியோ காணாமல் போனதும் கூட்டம் சிதறுகிறது. அந்தப் பணியாள்தான் அமைப்பின் தலைவர் என்பது கடைசியில் தெரியவருகிறது. கிறீன்லீவ் இதிலிருந்து ஒரு சோதனை வைத்தார். தலைவரின் பணிவை அளக்கவேண்டாம், தொண்டைப் பெற்றவர்களைப் பாருங்கள் என்றார். அவர்கள் வளர்ந்தார்களா, முன்பைவிடச் சுதந்திரமாகத் தாமே இயங்குகிறார்களா, தாமும் பிறருக்குத் தொண்டு செய்யத் தலைப்படுகிறார்களா?

இந்தச் சோதனையைப் பாடசாலைக்குள் கொண்டுவந்தால் நாம் பார்க்கவேண்டியது ஆசிரியரை. ஆசிரியரிடம் எதைப் பார்ப்பது? இங்கேதான் அல்பேர்ட் பண்டூரா வருகிறார். 1977இல் அவர் வெளியிட்ட கோட்பாட்டைச் சுருக்கிச் சொன்னால், ஒருவர் ஒரு வேலையில் எவ்வளவு முயல்வார், தோற்றால் எவ்வளவு நேரம் தாக்குப்பிடிப்பார் என்பதை, தன்னால் அது முடியும் என்ற அவரது கணிப்பே பெரிதும் தீர்மானிக்கிறது. இந்தக் கணிப்பையே துணிவு என்று சொல்கிறேன். மேடையில் கூச்சமில்லாமல் பேசுகிற தன்னம்பிக்கையோடு இதைக் குழப்பக்கூடாது. விழாவில் கணீரென்று பேசும் ஆசிரியர் ஒருவருக்கு, பின்வாங்கில் இருக்கும் ஐந்து பிள்ளைகளுக்குப் பின்னம் விளங்கப்படுத்த முடியும் என்ற நம்பிக்கை துளியும் இல்லாதிருக்கலாம்.

1976இல் லொஸ் ஏஞ்சலிஸ் நகரப் பாடசாலைகளில் வாசிப்புத் திட்டமொன்றை ஆராய்ந்த றான்ட் நிறுவனத்தார் ஆசிரியர்களுக்கு நீண்ட வினாக்கொத்தில் இரண்டு வாக்கியங்களையும் சேர்த்துக் கொடுத்தார்கள். பிள்ளையின் வீட்டுச் சூழலை மீறி ஆசிரியரால் பெரிதாக ஒன்றும் செய்யமுடியாது என்ற கருத்து ஒன்று. கடினமாக முயன்றால் மிகவும் கடினமான அல்லது ஊக்கமில்லாத பிள்ளையையும் என்னால் எட்டமுடியும் என்ற கருத்து மற்றது. இந்த இரண்டுக்கும் கிடைத்த பதில்கள் பிள்ளைகளின் வாசிப்பு முன்னேற்றத்தோடு தொடர்புபட்டிருந்தன. ஆசிரியரின் துணிவு பற்றிய ஆராய்ச்சி வளர்ந்தது அந்த இரண்டு வாக்கியங்களிலிருந்துதான்.

பண்டூரா இந்தத் துணிவுக்கு நான்கு ஊற்றுகளைச் சொன்னார். செய்து வென்ற அனுபவம், தன்னை ஒத்த ஒருவர் செய்து வெல்வதைக் காண்பது, நம்பத்தக்கவர் தரும் ஊக்கச்சொல், உடலும் மனமும் இருக்கும் நிலை. இவற்றில் மிக வலியது முதலாவது. நாங்கள் பெரும்பாலும் பாவிப்பது மூன்றாவதை. ஒக்டோபர் 6ஆம் திகதி ஆசிரியர் தினத்தில் பொன்னாடை, மாலை, வாழ்த்துப்பா. செயலமர்வுக்கு வரும் வளவாளர் ஆசிரியத் தொழிலின் மாண்பைப் பேசிவிட்டு மத்தியானச் சாப்பாட்டோடு போய்விடுவார். வாசி கழித்துத்தான் செல்லும் காசு அது.

நியூசிலாந்தைச் சேர்ந்த விவியன் றொபின்சனும் அவரது சகாக்களும் 2008இல் வெளியிட்ட தொகுப்பாய்வு ஒன்றை இந்த இடத்தில் சொல்லவேண்டும். பாடசாலைத் தலைமை மாணவரின் பெறுபேற்றில் ஏற்படுத்தும் விளைவை ஆராய்ந்த பல ஆய்வுகளை ஒன்றாகப் பார்த்தார்கள். உயர்ந்த நோக்கைக் காட்டி எழுச்சியூட்டும் தலைமைக்குக் கிடைத்த விளைவளவு 0.11. அது மிகச் சிறியது. பாடசாலையை ஒழுங்காகவும் ஆதரவாகவும் வைத்திருப்பதற்கு 0.27. கற்பித்தலைத் திட்டமிட்டு வகுப்பறையைப் பார்வையிடுவதற்கு 0.42. ஆசிரியர்கள் கற்கும்போது அதிபர் தானும் கூட இருந்து கற்று, அந்தக் கற்றலை முன்னெடுப்பதற்கு 0.84.

இந்த இலக்கங்களை வேதவாக்காக எடுக்கவேண்டாம். கடைசி இலக்கம் சில ஆய்வுகளிலிருந்து மட்டும் வந்தது. இவை மாணவர் பெறுபேற்றை அளந்தவை, ஆசிரியரின் துணிவை நேரே அளக்கவில்லை. தொண்டுத் தலைமையையும் ஆசிரியர் துணிவையும் சேர்த்து அளக்கும் ஆய்வுகளிலோ வேறொரு பலவீனம் உண்டு. ஒரே ஆசிரியரிடம் ஒரே நாளில் உங்கள் அதிபர் நல்லவரா என்றும் உங்களால் நன்றாகக் கற்பிக்க முடியுமா என்றும் கேட்பார்கள். மனம் நிறைந்திருப்பவர் இரண்டுக்கும் உயர்ந்த புள்ளி போடுவார், சலித்தவர் இரண்டுக்கும் குறைத்துப் போடுவார். அதைத் தொடர்பு என்று எழுதிவிடலாம், எது எதனால் விளைந்தது என்று சொல்லமுடியாது. ஆயினும் 0.84ஐயும் 0.11ஐயும் பக்கத்தில் வைத்துப் பார்க்கையில் எனக்குத் திருவீழிமிழலைக் கடைக்காரர்தான் நினைவுக்கு வருகிறார்கள்.

இனி நம்முடைய மண்ணுக்கு வருவோம். இங்கே தொண்டைப் பற்றிப் பேசுவது அவ்வளவு சுலபமல்ல. யாழ்ப்பாணத்தில் தொண்டு தலைமுறை தலைமுறையாகச் சிலரிடமிருந்து மட்டும் கேட்டு வாங்கப்பட்டது. குடிமைத் தொழில் என்று அதற்குப் பெயரும் வைத்திருந்தோம். விளக்குமாறு ஒருநாளும் பிடிக்காதவர்கள் மேடையில் தொண்டின் சிறப்பைப் பாடினார்கள். உதவிபெறும் பாடசாலைகளில் எல்லாச் சாதிப் பிள்ளைகளும் சமமாக வாங்கில் இருக்கவேண்டும் என்ற உத்தரவு 1929, 1930 அளவில் வந்தபோது, அதைப் பொறுக்காமல் பாடசாலைகளை எரித்த ஊர் இது.

அந்த நேரத்தில் சம ஆசனத்தின் பக்கம் நின்றவர்கள் யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ்காரர். அதன் முன்னோடியான மாணவர் காங்கிரஸை 1924இல் தொடங்கியவர்களில் முதன்மையானவர் ஹன்டி பேரின்பநாயகம். 1899இல் பிறந்தவர். வட்டுக்கோட்டை யாழ்ப்பாணக் கல்லூரியில் படித்து அங்கேயே ஆசிரியரானவர். 1927 நவம்பரில் காந்தி யாழ்ப்பாணம் வந்தது இந்த இளைஞர்களின் அழைப்பில். 1931இல் அரசாங்க சபைத் தேர்தலை வடக்கில் பகிஷ்கரிக்கச் செய்ததும் இவர்களே. பகிஷ்கரிப்பு சரியா பிழையா என்ற வாதம் இன்றும் முடியவில்லை, நான் அதற்குள் போகவில்லை. எனக்கு முக்கியமானது அதற்குப் பிந்திய காலம். 1949 முதல் 1960 வரை அவர் கொக்குவில் இந்துக் கல்லூரியின் அதிபர். கிறிஸ்தவராகப் பிறந்த ஒருவர் இந்துக் கல்லூரிக்கு அதிபராக இருந்தார் என்பதை இன்றைய பிள்ளைகளுக்குச் சொன்னால் நம்பமாட்டார்கள்.

அந்தப் பதினொரு வருடங்கள் சாதாரணமானவை அல்ல. ஆரம்ப வகுப்புகளில் 1945இல் வந்த தாய்மொழிக் கல்வி, ஐம்பதுகளில் இடைநிலை வகுப்புகளுக்கு ஏறிவந்தது. ஆங்கிலத்தில் பௌதிகம் படித்து, ஆங்கிலத்தில் பயிற்சிபெற்று, ஆங்கிலத்தில் கற்பித்து நல்ல பெயர் எடுத்த ஆசிரியர் ஒருவர் திடீரென்று அதையே தமிழில் சொல்லவேண்டும். புத்தகம் போதாது. கலைச்சொற்கள் அப்போதுதான் ஆக்கப்பட்டுக்கொண்டிருந்தன. இருபது வருட அனுபவம் இருந்தும் அவர் மறுபடி புதிய ஆசிரியர் ஆனார். துணிவு பறிபோவதற்கு இதைவிட வேறென்ன வேண்டும்? தாய்மொழிக் கல்வியை இருபதுகளிலிருந்தே கோரிய இயக்கத்தின் தலைவருக்கு அந்தக் கோரிக்கையின் சுமையைத் தன் கண்முன்னால் ஆசிரியர்கள் சுமப்பதைப் பார்க்கும் விதி வாய்த்தது. கொள்கை வகுத்தவரும் அதை வகுப்பறையில் நடத்திக்காட்டும் பொறுப்பாளரும் ஒரே ஆளாக இருப்பது நம் கல்வி வரலாற்றில் எத்தனை தடவை நடந்திருக்கிறது? இன்று கொள்கை மகரகமவில் இருக்கும் தேசிய கல்வி நிறுவகத்திலிருந்தும் இசுருபாயவில் இருக்கும் கல்வி அமைச்சிலிருந்தும் வருகிறது. சுமப்பவர் கொடிகாமத்தில் இருக்கிறார்.

பேரின்பநாயகம் ஓய்வுபெற்ற காலத்திலேயே, 1960, 1961ஆம் ஆண்டுச் சட்டங்களால் உதவிபெறும் பாடசாலைகள் பெரும்பாலும் அரசின் கைக்குப் போயின. முன்பு முகாமையாளரின் தயவில் வேலை. முகம் கோணினால் ஆசிரியர் வெளியே. சுவீகரிப்பு அந்தப் பயத்தைப் போக்கியது, அதை நான் குறைவாகச் சொல்லமாட்டேன். ஆனால் தன் பாடசாலைக்கு எந்த ஆசிரியர் வேண்டும் என்று சொல்லும் உரிமையும் அதிபரிடமிருந்து போயிற்று. நியமனமும் இடமாற்றமும் வேறெங்கோ தீர்மானமாகின்றன. பல பாடசாலைகளில் அதிபரே கடமை நிறைவேற்று அதிபர். நாளைக்குத் தன் கதிரை இருக்குமா என்று தெரியாதவர் மற்றவருக்கு எந்தத் துணிவைக் கொடுப்பார்?

அடுத்து யுத்தகாலம். 1995 ஒக்டோபர் 30ஆம் திகதி வலிகாமம் முழுவதும் எழுந்து தென்மராட்சிக்கு நடந்து வந்ததை இங்கே இருப்பவர்களுக்கு நான் விளக்கவேண்டியதில்லை. பாடசாலைகள் அகதி முகாமாகின. பிறகு இடம்பெயர்ந்த பாடசாலைகளுக்கு இங்குள்ள பாடசாலைகள் இடம்கொடுத்தன. காலையில் ஒரு பாடசாலை, மாலையில் இன்னொன்று. மரத்தடியிலும் கொட்டிலிலும் வகுப்பு. 2000ஆம் ஆண்டு ஆனையிறவுப் படைத்தளம் விழுந்தபின் தென்மராட்சியார் இடம்பெயர்ந்து வடமராட்சிக்கும் வலிகாமத்துக்கும் போனார்கள். இரண்டு தடவையும் பாடம் நின்றுபோகவில்லை. ஒரு பகுதியைத் தாங்கியவர்கள் தொண்டர் ஆசிரியர்கள். சம்பளம் இல்லாமல், இருந்தாலும் பெயரளவுக்கு, வருடக்கணக்காகக் கற்பித்தவர்கள். சமாதானம் வந்தபிறகு நிரந்தர நியமனம் கேட்டு வெயிலில் போராட்டம் இருந்தவர்களும் அவர்களே.

என் வாதத்தின் மையம் இதுதான். நம்முடைய கல்வியில் தொண்டு குறைவாக இருந்ததே இல்லை. அது எப்போதும் கீழே இருப்பவரிடம் கேட்கப்பட்டது. தொண்டுத் தலைமை என்ற புதிய சொல்லைக் கொண்டுவந்து, ஆசிரியர்களே இன்னும் கொஞ்சம் அர்ப்பணியுங்கள் என்று சொல்லப்போகிறோமென்றால், அந்தச் சொல்லைக் குடாநாட்டின் வாசலான முகமாலைக்கு அப்பால் திருப்பி அனுப்பிவிடலாம். தொண்டு மேலிருந்து கீழே வரவேண்டும். அதிபர் ஆசிரியருக்கு, வலயக் கல்விப் பணிப்பாளர் அதிபருக்கு, மாகாணம் வலயத்துக்கு.

அது நடைமுறையில் எப்படியிருக்கும்? எனக்குத் தெரிந்த அதிபர் ஒருவர், பெயர் வேண்டாம், காலையில் எல்லோருக்கும் முன்னால் வந்து முற்றம் கூட்டுவார், மணி அடிப்பார், தண்ணீர்த் தாங்கியைக் கழுவுவார், ஆசிரியர் வராத வகுப்புக்கெல்லாம் தானே போவார். ஊர் அவரைத் தெய்வம் என்றது. அவர் மாற்றலாகிப் போன மூன்றாம் மாதம் அந்தப் பாடசாலையில் ஒன்றும் ஓடவில்லை. எல்லா வேலையையும் அவரே செய்ததால் யாருக்கும் எதுவும் செய்து வென்ற அனுபவம் இல்லை. பூசகரை வெளியே நிறுத்திவிட்டுத் தானே பூசை செய்த உழவாரப்படை அது. கிறீன்லீவின் சோதனையில் அவர் தேறமாட்டார்.

இன்னொருவர் ஒரு சிறிய பாடசாலையின் அதிபர். பெண். முற்றம் கூட்டி நான் கண்டதில்லை. கோப்பாயிலிருந்து புதிதாக வந்த இளம் கணித ஆசிரியை, எட்டாம் வகுப்பில் பாதிப்பேருக்கு வகுத்தல் தெரியாது என்று அழாக்குறையாக வந்து சொன்னபோது, அவர் கொப்பியும் பேனையும் எடுத்துக்கொண்டு மேற்பார்வைக்குப் போகவில்லை. "நாளைக்கு அந்தப் பாடத்தை நான் எடுக்கிறன் பிள்ளை, நீர் பின்னுக்கு இருந்து பாரும்" என்றார். எடுத்தார். பாடம் சரிவரவில்லை. பிள்ளைகள் மிரண்டுபோய் இருந்தார்கள். இருவரும் இருந்து ஏன் சரிவரவில்லை என்று பேசினார்கள். அடுத்த பாடத்தைச் சேர்ந்து திட்டமிட்டார்கள், ஆசிரியை எடுத்தார். இப்படிச் சில வாரங்கள். இதற்கிடையில் அந்த ஆசிரியையின் தலையில் விழவிருந்த மூன்று குழு வேலைகளை அதிபர் சத்தமில்லாமல் வேறிடத்துக்கு மாற்றினார். பண்டூராவின் நான்கு ஊற்றும் இதற்குள் இருக்கின்றன. தன் அதிபரும் தடுமாறுவதைக் கண்ட ஆசிரியைக்குத் தன் தடுமாற்றம் குற்றமாகத் தெரியவில்லை. பிறகு வென்றபோது அந்த வெற்றி அவருடையதாக இருந்தது.

வெற்றி யாருடையது என்பது நம் ஊரில் பெரிய சிக்கல். பின்னேரம் நாலு மணிக்குக் கொடிகாமச் சந்தியில் நின்று பாருங்கள். சைக்கிள்கள் எல்லாம் தனியார் கல்வி நிலையத்துக்குப் போகும். மறுநாள் பாடசாலையில் பாடத்தைத் தொடங்கினால் முன்வாங்கில் இருந்து, "சேர், இது ரியூசனிலை முடிஞ்சுது" என்று குரல் வரும். பிள்ளை ஒன்பது ஏ எடுத்தால் ரியூசன் வாத்தியாரின் படத்தோடு பதாகை. எடுக்காவிட்டால் பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கவில்லை. தன் கற்பித்தலால் என்ன நடந்தது என்பதை அறிய ஆசிரியருக்கு வழியே இல்லை. வென்றோமா தோற்றோமா என்று தெரியாத இடத்தில் துணிவு வளராது. பல நல்ல ஆசிரியர்கள் இப்படித்தான் உள்ளே அணைந்துபோனார்கள் என்பது என் கணிப்பு.

ரியூசனை ஒழிப்போம் என்று நான் சொல்லப்போவதில்லை. அது நம்மால் ஆகாது. ஆனால் ரியூசனுக்குப் போகாத பிள்ளைகள் எல்லாப் பாடசாலையிலும் இருக்கிறார்கள், காசில்லாத வீட்டுப் பிள்ளைகள். அவர்களுக்கு ஆசிரியர் ஒருவர்தான். அவர்கள் கற்றால் அது முழுக்க அந்த ஆசிரியரின் வேலை. ஆறாம், ஏழாம் தரங்களில் அவர்களை எங்கே விட்டோம் என்று எந்த அதிபர் கணக்குப் பார்க்கிறார்? வலிமையான ஆசிரியர்களை எல்லாம் பதினோராம் தரத்துக்கும் உயர்தரத்துக்கும் போட்டுவிட்டு, கீழ்வகுப்புகளைப் புதிதாக வந்தவர்களிடம் தள்ளிவிடுவது வழக்கமாகிவிட்டது. துணிவு குறைந்தவர்களை மிகக் கடினமான இடத்தில் தனியே நிறுத்துகிறோம்.

அதிகாரி நினைத்தால் ஆசிரியரின் துணிவைக் கட்டலாம் என்பதற்குத் தமிழ்நாட்டில் ஒரு சான்று உண்டு. சென்னை மாநகராட்சி ஆணையராக இருந்த எம். பி. விஜயகுமார் 2003இல் 13 மாநகராட்சிப் பள்ளிகளில் செயல்வழிக் கற்றலைத் தொடங்கினார். முதலில் ஆசிரியர்களை ஆந்திராவின் ரிஷி பள்ளத்தாக்குக்கு அனுப்பி, அங்கே ஓராசிரியர் கிராமப் பள்ளிகளில் பிள்ளைகள் அட்டைகளை எடுத்துத் தாமே படிப்பதைக் காணச்செய்தார். தங்களைப் போன்ற சாதாரண ஆசிரியர்கள் செய்வதைப் பார்த்தவர்கள் திரும்பிவந்து தாங்களே அட்டைகளை உருவாக்கினார்கள். 2007-08இல் அது மாநிலம் முழுவதற்கும் விரிந்தது. அப்போது பார்த்து வந்தவர்களின் துணிவை எல்லோருக்கும் அனுப்பமுடியவில்லை. அட்டைகளையும் ஆணையையும்தான் அனுப்ப முடிந்தது. முதற்கட்டத்தில் இருந்த உயிர் பல இடங்களில் மங்கியது இதனால்தான் என்பது என் எண்ணம்.

ஒரு மறுப்பும் எழும். இப்படித் தாங்கினால் பிந்தி வருபவர்கள், பாடவேளையில் கைத்தொலைபேசி பார்ப்பவர்கள் தலையில் ஏறிவிடமாட்டார்களா? ஏறுவார்கள். அவர்களிடம் கண்டிப்பாகத்தான் இருக்கவேண்டும். நேர்மையாக உழைக்கும் ஆசிரியரின் மனதை முறிப்பது பக்கத்து வகுப்பில் வேலை செய்யாமலே அதே சம்பளம் எடுப்பவரும், அதைக் காணாதது போல் போகும் அதிபரும். அதைத் தட்டிக்கேட்பதும் உழவார வேலையே. பெற்றோர் முன்னால் ஒரு ஆசிரியரை ஏசாமல், கதவைச் சாத்திவிட்டு அவரிடம் உள்ளதைச் சொல்வதும் அப்படித்தான்.

வலயக் கல்வி அலுவலக அதிகாரிகள் முன்னால் இருப்பதால் ஒரு வேண்டுகோளைச் சொல்லி இறங்குகிறேன். ஆசிரியர் கூட்டங்களில் பெரும்பகுதி நேரம் சுற்றுநிருபம் வாசிப்பதில் போகிறது. அவற்றை அறிவித்தல் பலகையில் ஒட்டுங்கள். எல்லோருக்கும் வாசிக்கத் தெரியும். அந்த நேரத்தில் ஒவ்வொரு கூட்டத்திலும் ஒரு ஆசிரியர் ரியூசனுக்குப் போகாத மூன்று பிள்ளைகளின் கொப்பிகளைக் கொண்டுவரட்டும். முதல் கூட்டத்துக்கு அதிபர் தன்னுடைய வகுப்புப் பிள்ளைகளின் கொப்பிகளைக் கொண்டுவரவேண்டும். ஆகவே அதிபருக்கு ஒரு வகுப்பு இருக்கவேண்டும், கிழமைக்கு மூன்று பாடவேளையாவது. அந்த மூன்று பாடவேளைகளில் எந்தக் கூட்டத்துக்கும் அவரை வலயத்துக்கு அழைப்பதில்லை என்று நீங்கள் உறுதி தரவேண்டும். அந்த உறுதியைத் தரமுடியுமா என்பதைக் கலந்துரையாடல் நேரத்தில் இங்கேயே சொன்னால் அதிபர்கள் குறித்துக்கொள்வார்கள்.